கல்குவாரிக் கோப்பில் எழுதப்படாத ஆணை

புதுக்கோட்டை மாவட்டம் திருமயம் அருகேயுள்ள வெங்களூரைச் சேர்ந்தவர் ஜகபர் அலி. அதிமுகக்காரர், முன்னாள் ஒன்றியக் கவுன்சிலர். தம் வட்டாரத்தில் அனுமதித்த அளவை மீறிக் கல் வெட்டுகிறார்கள் என்று வட்டாட்சியர் அலுவலகத்தில் தொடங்கி ஆட்சியர் அலுவலகம் வரை மனு மேல் மனுவாகக் கொடுத்துவந்தார். 2025 ஜனவரி 17, வெள்ளிக்கிழமை. தொழுகை முடித்து இருசக்கர வாகனத்தில் வீடு திரும்பிக்கொண்டிருந்தவர் மீது லாரி மோதியது, அவர் இறந்துபோனார். முதலில் விபத்து என்றார்கள். குடும்பத்தார் விடவில்லை. வழக்கு கொலை வழக்கானது. குவாரித் தரப்பைச் சேர்ந்தவர்கள் கைது செய்யப்பட்டார்கள். திருமயம் காவல் ஆய்வாளர் பணியிடை நீக்கம் செய்யப்பட்டார், வட்டாட்சியர் மாற்றப்பட்டார், விசாரணை சிபிசிஐடி கைக்குப் போனது. குற்றம் செய்தவர் யார் என்பதை நீதிமன்றம் சொல்லட்டும். இந்தக் கட்டுரைக்கு வேறொரு கேள்வி இருக்கிறது. அந்த மனுக்கள் சரியான மேசைக்குத்தான் போயின. முடிவெடுக்கும் அதிகாரம் உள்ளவர்களிடம்தான் போயின. பிறகு ஏன் அந்த மேசைகளில் பேனா நகரவில்லை?

மனு கொடுத்தால் அது நடவடிக்கையாக மாறுவதற்கு முன்பே குவாரித் தரப்புக்குச் செய்தி போய்விடுகிறது என்பது அந்த நாட்களில் வெளிப்படையாகவே எழுந்த குற்றச்சாட்டு. புதுக்கோட்டையில் மட்டுமல்ல, கல்லும் மணலும் உள்ள எந்த ஊரில் விசாரித்தாலும் இதைத்தான் சொல்வார்கள். அதிகாரியின் முடிவில் அரசியல் தலையீடு என்றதும் அமைச்சர் ஒருவர் ஆட்சியரைக் கூப்பிட்டு மிரட்டுகிற காட்சி நம் மனத்தில் வருகிறது. சினிமா கொடுத்த காட்சி அது. நடப்பில் தலையீட்டுக்கு அவ்வளவு ஆர்ப்பாட்டம் தேவையில்லை. ‘கொஞ்சம் பார்த்துச் செய்யுங்க சார்’ என்ற ஒரு வரி போதும். ‘மாவட்டம் சொல்லச் சொன்னார்’ என்பது இன்னொரு வரி. ஆளும் கட்சியின் மாவட்டச் செயலாளரை ‘மாவட்டம்’ என்றே சுருக்கிச் சொல்லும் பழக்கம் நம் அலுவலகங்களில் ஊறிப்போயிருக்கிறது. இந்த இரண்டு வரிகளும் எந்தக் கோப்பிலும் இருக்காது.

ஒரு கல்குவாரிக் கோப்பு எப்படி நடக்கிறது என்று பார்த்தால் இந்த வரிகள் எங்கே நுழைகின்றன என்பது விளங்கும். தமிழ்நாட்டில் சாதாரணக் கல், கிராவல், மணல் முதலியவற்றுக்கு 1959ஆம் ஆண்டின் தமிழ்நாடு சிறு கனிமச் சலுகை விதிகள்தான் அடிப்படை. புறம்போக்கு நிலமானால் ஆட்சியர் ஏலமோ ஒப்பந்தப்புள்ளியோ கோரிக் குத்தகை கொடுக்கிறார். பட்டா நிலமானால் உரிமையாளர் விண்ணப்பிக்க, ஆட்சியர் அனுமதி தருகிறார். இரண்டிலும் கையெழுத்து ஆட்சியருடையது. ஆனால் அவர் கையெழுத்துப் போடுவது கீழிருந்து வந்த அறிக்கைகளின் மேல். கிராம நிர்வாக அலுவலர் புல வரைபடத்தையும் அடங்கலையும் வைத்துக்கொண்டு, இந்தப் புல எண் யாருடையது, பக்கத்தில் என்ன இருக்கிறது, ஓடை உண்டா, கோயில் உண்டா, வீடுகள் எவ்வளவு தொலைவில் என்று எழுதுகிறார். வருவாய் ஆய்வாளர் அதை ஒப்புகிறார். வட்டாட்சியர், கோட்டாட்சியர், கனிமவளத் துறை உதவி இயக்குநர் என்று ஒவ்வொருவரும் ஒரு பத்தி சேர்க்கிறார்கள்.

குடியிருப்பிலிருந்து 300 மீட்டருக்குள் கல் வெட்டக் கூடாது என்பது விதி. அந்த 300 மீட்டரை அளப்பது யார்? கிராம அளவில் நிற்கும் ஒரு மனிதர். எந்த வீட்டிலிருந்து அளக்கிறார், குவாரியின் எந்த மூலை வரை அளக்கிறார், ஓட்டு வீட்டை விட்டுவிட்டு அதற்கு அப்பால் உள்ள மாடி வீட்டிலிருந்து தொடங்குகிறாரா என்பதில் ஒரு மலையின் தலையெழுத்து இருக்கிறது. குத்தகை கிடைத்த பிறகும் இதே கதைதான். இத்தனை கனமீட்டர், இத்தனை மீட்டர் ஆழம் என்று அனுமதி இருக்கும். ஒவ்வொரு லாரிக்கும் நடைச்சீட்டு இருக்க வேண்டும். ஒரே சீட்டில் நாலு நடை போனதா, எல்லைக் கல்லைத் தாண்டிப் பக்கத்துப் புறம்போக்கிலும் வெடி வைத்தார்களா என்று பார்க்க வேண்டியவர்கள் மறுபடியும் அதே அலுவலர்கள்தான். தலையீடு வருவது பெரும்பாலும் ஆட்சியரின் மேசைக்கு அல்ல, இந்த இடங்களுக்குத்தான். ஆட்சியரிடம் கோப்பு வரும்போது அதில் எல்லாம் முறைப்படி இருக்கும். நேர்மையான ஆட்சியர்கூடப் பொய்யான அளவின் மேல் மெய்யான கையெழுத்தைப் போட்டுவிட முடியும்.

இத்தனைக்கும் கல்குவாரி முறைகேட்டைப் போல நிரூபிக்க எளிதான முறைகேடு வேறில்லை. திருடிய பணத்தை ஒளிக்கலாம். வெட்டிய குழியை ஒளிக்க முடியாது. குழியின் நீளம், அகலம், ஆழம் பார்த்துக் கொள்ளளவைக் கணக்கிட்டு, அரசுக்கு உரிமைத்தொகை கட்டிய அளவைக் கழித்தால் மிச்சம் முழுவதும் திருட்டு. இன்று டிரோன் வைத்து ஒரே நாளில் அளந்துவிடலாம். ஆகவே ‘தெரியாமல் நடந்துவிட்டது’ என்று சொல்லும் வாய்ப்பு இந்தத் துறையில் யாருக்கும் கிடையாது. அளக்கவில்லை என்றால், அளக்க வேண்டாம் என்று யாரோ முடிவெடுத்திருக்கிறார்கள் என்றுதான் பொருள்.

புதுக்கோட்டைக்குக் கல் வெறும் வியாபாரச் சரக்கு அல்ல. சித்தன்னவாசலின் சமணப் படுக்கைகள், குடுமியான்மலையின் இசைக் கல்வெட்டு, நார்த்தாமலையின் விஜயாலய சோழீஸ்வரம், திருமயத்தின் குடைவரைகள் எல்லாம் இந்த மண்ணின் பாறையில் பிறந்தவை. திருமயத்துச் சிவன் கோயிலுக்கும் பெருமாள் கோயிலுக்கும் வருவாய்ப் பங்கீட்டில் நெடுங்காலம் இருந்த வழக்கை 1245இல் ஹொய்சளத் தளபதி அப்பண்ண தண்டநாயக்கன் முன்னிலையில் தீர்த்துவைத்தார்கள். தீர்ப்பைக் கல்லில் வெட்டியும் வைத்தார்கள். யார் கூடினார்கள், என்ன முடிவு என்று வருகிறவர்கள் போகிறவர்கள் எல்லாரும் படிக்கும் இடத்தில் இருந்தது அது. அதே திருமயம் வட்டத்தில் இன்று ஒரு குவாரி மீதான புகாருக்கு என்ன முடிவெடுத்தார்கள் என்று தெரிந்துகொள்ள, தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட்டுக் காத்திருக்க வேண்டியிருக்கிறது.

இந்த மாவட்டத்திலேயே கல்குவாரி விஷயத்தில் அதிகாரி ஒருவர் துணிந்து எடுத்த முடிவுக்கு நல்ல முன்னுதாரணம் இருக்கிறது. 1990களின் தொடக்கத்தில் ஷீலா ராணி சுங்கத் புதுக்கோட்டை ஆட்சியராக இருந்தார். பெண்கள் சைக்கிள் கற்றுக்கொண்ட அறிவொளி இயக்கத்தின் நாட்கள் அவை. சைக்கிள் கதை உலகம் முழுக்கப் போய்விட்டது, பத்திரிகையாளர் பி. சாய்நாத் எழுதியது பாடநூலிலும் இடம்பெற்றது. அதே காலத்தில் நடந்த குவாரிக் கதையைப் பேசுகிறவர்கள் குறைவு. குத்தகைக்காரர்களிடம் கூலிக்குக் கல் உடைத்துக்கொண்டிருந்த ஏழைப் பெண்கள் குழுக்களாகத் திரண்டார்கள். குவாரிக் குத்தகையை அவர்கள் பெயருக்கே கொடுக்கும் முடிவை மாவட்ட நிர்வாகம் எடுத்தது. முந்தைய நாள்வரை கூலிக்குக் கை நீட்டியவர்கள் மறுநாள் கணக்கு நோட்டைக் கையில் வைத்திருந்தார்கள். குடுமியான்மலைப் பக்கத்தில் இந்தப் பெண்களைச் சந்தித்ததையும் சாய்நாத் தம் நூலில் பதிவுசெய்திருக்கிறார். சட்டத்தில் இல்லாத எந்த அதிகாரத்தையும் அந்த ஆட்சியர் பயன்படுத்தவில்லை. குத்தகை கொடுக்கும் அதிகாரம் ஆட்சியருக்கு எப்போதும் உண்டு. அதை யாருக்காகப் பயன்படுத்துவது என்பதில்தான் மாற்றம் வந்தது.

அந்த ஏற்பாட்டைக் குத்தகைக்காரர்கள் எளிதில் விட்டுக்கொடுக்கவில்லை. எதிர்ப்பு பலமாக இருந்தது. ஆட்சியர்கள் மாறுவார்கள், குத்தகைக்காரர்கள் மாறமாட்டார்கள். எந்தக் கட்சி ஆட்சிக்கு வந்தாலும் அந்தக் கட்சியின் மேடையில் அவர்கள் இருப்பார்கள். ஓர் ஆட்சியரின் நல்ல முடிவு அவரோடு வண்டியேறிப் போய்விடுவதற்கும், கெட்ட பழக்கம் மட்டும் ஊரிலேயே தங்கிவிடுவதற்கும் இதுதான் காரணம்.

பணியிட மாற்றம் என்ற ஆயுதத்தைப் பற்றிப் பேசாமல் இதைப் பேச முடியாது. ‘தண்ணியில்லாத காட்டுக்கு மாத்திடுவேன்’ என்பது தமிழ்நாட்டு அரசு ஊழியர் எல்லாருக்கும் தெரிந்த மிரட்டல். அந்தத் தண்ணியில்லாத காடு என்பதில் ஒருகாலத்தில் ராமநாதபுரமும் புதுக்கோட்டையும் சேர்த்தி. இந்த ஆயுதத்தின் கூர்மையை அதிகம் அனுபவித்த அதிகாரிகளில் ஒருவர் புதுக்கோட்டைக்காரர்: பெருஞ்சுணை கிராமத்தில் பிறந்த உ. சகாயம். நாமக்கல் ஆட்சியராக இருந்தபோது 2009இல் தம் சொத்து விவரத்தை இணையதளத்தில் வெளியிட்டவர். ஏறத்தாழ 20 ஆண்டுப் பணியில் 20க்கும் மேற்பட்ட மாற்றங்களைச் சந்தித்தவர் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் கணக்கிடுகிறார்கள்.

2012 மே மாதம் அவர் மதுரை ஆட்சியர். மேலூர் வட்டாரத்துக் கிரானைட் குவாரிகளில் நடந்த கொள்ளையால் அரசுக்கு 16,338 கோடி ரூபாய் இழப்பு என்று மதிப்பிட்டு அரசுக்குக் கடிதம் எழுதினார். சில நாட்களிலேயே கோ-ஆப்டெக்ஸ் நிர்வாக இயக்குநராக மாற்றப்பட்டார். மாற்ற ஆணையில் எந்தச் சட்டக் குறையும் காண முடியாது. ஐஏஎஸ் அதிகாரியை எங்கு வேண்டுமானாலும் நியமிக்க அரசுக்கு உரிமை உண்டு. கோ-ஆப்டெக்ஸ் தாழ்ந்த இடமும் இல்லை. அவர் அந்த நிறுவனத்தை நன்றாகவே நடத்தினார். ஆனால் அந்தக் கடிதம் சொன்ன செய்தி ஒன்று, மாற்றம் மாவட்டத்தின் மற்ற அலுவலர்களுக்குச் சொன்ன செய்தி வேறு. எழுதியவருக்கு இதுதான் நடக்கும் என்று தெரிந்துவிட்டால் பிறகு யாரையும் தனியாக மிரட்ட வேண்டியதில்லை.

சகாயத்தின் கடிதம் அதே ஆண்டு ஆகஸ்டில் வெளியே வந்தது. அதன் பிறகு அரசால் பேசாமல் இருக்க முடியவில்லை. புதிய ஆட்சியர் அன்சுல் மிஸ்ரா காலத்தில் குவாரிகளில் சோதனைகள் நடந்தன, வழக்குகள் பதிவாயின. 2014 செப்டம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் கனிமக் கொள்ளையை விசாரிக்கச் சகாயத்தையே நியமித்தபோது தமிழக அரசு அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போனது, அங்கு எடுபடவில்லை. விசாரணையின்போது நரபலிப் புகார் ஒன்று வந்தது. சொல்லப்பட்ட இடத்தைத் தோண்டுவது தள்ளிப்போனதால், தடயம் காணாமல் போய்விடக் கூடாது என்று 2015 செப்டம்பரில் மேலூர் அருகே சுடுகாட்டிலேயே ஓர் இரவைக் கழித்தார். நீதிமன்றம் நியமித்த அதிகாரி, தடயத்தைக் காக்கத் தம் உடம்பைத்தான் காவல் வைக்க வேண்டியிருந்தது. அந்த ஆண்டு நவம்பரில் கொடுத்த அறிக்கையில் இழப்பு ஒரு லட்சம் கோடி ரூபாயைத் தாண்டியது. அவரோ அறிவியல் நகரத் துணைத் தலைவர் என்ற பதவியில் ஆண்டுக்கணக்கில் இருந்துவிட்டு, 2020இல் விருப்ப ஓய்வு கேட்டு, 2021 தொடக்கத்தில் வெளியேறினார்.

சகாயம் மாற்றப்பட்டபோது ஆட்சியில் இருந்தது அதிமுக. அவர் பட்டியலிட்ட கொள்ளை இரு கட்சிகளின் ஆட்சியிலும் நடந்தது. ஜகபர் அலி அதிமுகக்காரர், கொல்லப்பட்டபோது ஆட்சி திமுகவுடையது. ஆகவே இதை ஒரு கட்சியின் பாவமாக எழுதுவது உண்மைக்கு நேர்மையாக இருக்காது. 

இது நேற்று முளைத்த நோயும் அல்ல. 1948 மார்ச் 3 அன்று தொண்டைமான்களின் புதுக்கோட்டை சமஸ்தானம் சென்னை மாகாணத்தோடு இணைந்தபோது மாகாணத்தின் பிரதமர் (இன்றைய சொல்லில் முதல்வர்) ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார். தம் கட்சி எம்எல்ஏக்கள் நிர்வாகத்தில் மூக்கை நுழைப்பதை அவர் அனுமதிக்கவில்லை. சிபாரிசோடு வருகிறவர்களுக்கு அவரிடம் வேலை நடக்காது என்பது ஊரறிந்த விஷயம். சொந்தக் கட்சிக்காரர்களின் அதிருப்தி வளர்ந்து, 1949 ஏப்ரலில் பதவியை விட்டு இறங்கினார். சுதந்திரம் வந்து இரண்டாண்டுகூட முடியவில்லை. தலையீட்டைத் தடுத்த முதல்வருக்குக் கட்சி கொடுத்த பரிசு அது. புதுக்கோட்டை மக்களுக்கு மன்னராட்சி போய் ஜனநாயகம் வந்த அதே நாட்களில், சென்னையில் இந்தச் சண்டை நடந்துகொண்டிருந்தது.

இங்கே ஒரு மறுப்பு எழும், எழ வேண்டும். ஜனநாயகத்தில் மக்கள் தேர்ந்தெடுத்தவர்கள் அதிகாரியிடம் பேசக் கூடாதா? அதிகாரி என்ன சிற்றரசரா? நியாயமான கேள்விதான். மாத்தூரிலிருந்தோ அறந்தாங்கியிலிருந்தோ ஒரு மூதாட்டி முதியோர் உதவித்தொகைக்கு ஓராண்டாக அலைகிறார் என்றால், அந்தத் தொகுதி எம்எல்ஏ வட்டாட்சியரைக் கூப்பிட்டுக் கேட்கத்தான் வேண்டும். கேட்காவிட்டால் அவர் எதற்கு? எந்தக் கண்மாயை முதலில் தூர்வாருவது, எந்தச் சாலையை முதலில் போடுவது என்பதையெல்லாம் அரசியல்வாதிகள் முடிவு செய்யட்டும், அதற்குத்தான் தேர்தல். ஆனால் சட்டம் சில முடிவுகளைப் பெயர் சொல்லி ஒரு பதவியிடம் ஒப்படைத்திருக்கிறது. இந்தக் குவாரிக்கு அனுமதி உண்டா இல்லையா, இந்தப் புகாரில் வழக்குப் பதிவதா இல்லையா, இந்தக் குழிக்கு அபராதம் எவ்வளவு என்பவை அப்படிப்பட்டவை. அங்கே முதலமைச்சரே சொன்னாலும் முடிவு அந்த அதிகாரியுடையதாகத்தான் இருக்க வேண்டும்.

உச்ச நீதிமன்றம் பிறந்த கையோடு சொன்ன சட்டம் இது. பம்பாய் அந்தேரியில் திரையரங்கு கட்ட கோர்தன்தாஸ் பான்ஜி என்பவருக்குப் போலீஸ் கமிஷனர் அனுமதி கொடுத்திருந்தார். பிறகு, அரசு பணித்ததால் அனுமதி ரத்தாகிறது என்று கடிதம் அனுப்பினார். 1951இல் உச்ச நீதிமன்றம் அந்த ரத்தை ஏற்கவில்லை. விதி அதிகாரத்தைக் கமிஷனருக்குக் கொடுத்திருக்கிறது. அரசு சொன்னதைத் தபால்காரர்போலக் கொண்டுபோய்ச் சேர்ப்பது அவர் எடுத்த முடிவாகாது என்றது. ஆணையில் இல்லாத காரணத்தைப் பின்னால் பிரமாண வாக்குமூலத்தில் சேர்த்துக்கொள்வதையும் ஒப்புக்கொள்ளவில்லை. இந்தத் தீர்ப்பை இன்றும் நம் நீதிமன்றங்கள் மேற்கோள் காட்டிக்கொண்டிருக்கின்றன. மேலிடம் சொன்னதால் செய்தேன் என்பது சட்டத்தின் பார்வையில் சமாதானமே அல்ல, அந்த ஆணையைச் செல்லாததாக்கும் குறை.

தொலைபேசி அழைப்பு ஒன்று நீதிமன்றத்தில் அகப்பட்ட கதையும் நம் நாட்டில் உண்டு. எனக்கு இது மிக முக்கியமான வழக்கு. மகாராஷ்டிரத்தின் விதர்பாவில் விவசாயிகள் தற்கொலை செய்துகொண்டிருந்த காலம். புல்தானா மாவட்டம் காம்காவில் ஆளும் கட்சி எம்எல்ஏ ஒருவரின் குடும்பம் கந்துவட்டிக்குப் பணம் கொடுத்து விவசாயிகளை வதைக்கிறது என்று புகார்கள் குவிந்தன. 2006 மே இறுதியில் முதலமைச்சர் விலாஸ்ராவ் தேஷ்முக்கின் தனிச் செயலாளர் காவல் நிலையத்துக்குப் போன் செய்து, எம்எல்ஏவின் தந்தைமீது வழக்குப் பதிய வேண்டாம் என்றார். அந்தக் குடும்பத்தின் மீதான புகார்களை முதலில் மாவட்டக் குழு ஒன்று பரிசீலித்துச் சட்டக் கருத்தும் கேட்ட பிறகே மேலே போக வேண்டும் என்ற அறிவுறுத்தல் ஆட்சியருக்கும் போனது. இதெல்லாம் எப்படி வெளியே தெரிந்தது? காவல் நிலையத்தின் நாட்குறிப்பில் அந்தப் போன் அழைப்பை எழுதிவைத்திருந்தார்கள். எந்த நாள், யார் பேசினார், என்ன சொன்னார் என்ற பதிவு அது.

அந்த நாட்குறிப்புப் பதிவு பம்பாய் உயர் நீதிமன்றத்தின் நாக்பூர் அமர்வுக்குப் போனது. அரசுக்கு 25,000 ரூபாய் செலவுத்தொகை விதித்தார்கள். மாநில அரசு உச்ச நீதிமன்றத்துக்கு மேல்முறையீட்டுக்குப் போனது. 2010 டிசம்பரில் நீதிபதிகள் ஜி.எஸ். சிங்வி, ஏ.கே. கங்குலி அமர்வு மேல்முறையீட்டைத் தள்ளியதோடு நிற்கவில்லை. 25,000த்தை 10 லட்சமாக உயர்த்தியது. ஒரு குடும்பத்தைச் சட்டத்திலிருந்து காப்பாற்ற முதலமைச்சர் தம் பதவியைப் பயன்படுத்தினார் என்று கடுமையாகக் கண்டித்தது. ஒரு மாநிலத்தின் முதலமைச்சரைக் கூண்டில் நிறுத்திய அந்தச் சான்று, காவல் நிலையத்தில் ஒருவர் பேனாவை எடுத்து எழுதிய சில வரிகள். எழுதாமல் விட்டிருந்தால் அந்த அழைப்பு நடக்கவே இல்லை என்றாகியிருக்கும்.

தலையீட்டை எதிர்க்க அதிகாரிகள் தியாகிகளாக வேண்டும் என்று நாம் பேசிப் பழகிவிட்டோம். சகாயம்போல ஒருவர் வந்தால்தான் உண்டு என்று காத்திருக்கிறோம். அது அதிகாரிகளுக்கும் வசதி, நமக்கும் வசதி. சட்டம் அவ்வளவு பெரிய வீரத்தைக் கேட்கவில்லை. எழுதி வை, எழுதிக் கேள் என்று மட்டும்தான் கேட்கிறது. 1968ஆம் ஆண்டின் அகில இந்தியப் பணி நடத்தை விதிகளில் 3ஆம் விதியைப் பாருங்கள். மேலதிகாரியின் ஆணை எழுத்தில் இருக்க வேண்டும். தவிர்க்க முடியாமல் வாய்மொழியாகச் சொன்னால் உடனே எழுத்தில் உறுதிப்படுத்த வேண்டும். அப்படிச் செய்யாவிட்டால், ஆணையைப் பெற்றவர் எழுத்தில் கேட்டு வாங்க வேண்டும். கேட்டால் கொடுப்பது மேலதிகாரியின் கடமை.

மத்திய அமைச்சரவைச் செயலாளராக இருந்து ஓய்வுபெற்ற டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் உள்ளிட்ட 83 முன்னாள் அதிகாரிகள் தொடுத்த வழக்கில் 2013 அக்டோபர் 31 அன்று உச்ச நீதிமன்றம் இதையே மாநிலங்களுக்கும் விரித்தது. வாய்மொழி ஆணையின் பேரில் அதிகாரிகள் செயல்படக் கூடாது, மாநிலங்களும் இத்தகைய விதி செய்ய வேண்டும், குறைந்தபட்சப் பதவிக்காலம் வேண்டும், மாற்றங்களைப் பரிந்துரைக்கக் குடிமைப் பணி வாரியம் வேண்டும் என்றது. 2014 ஜனவரியில் மத்திய அரசு விதிகளைத் திருத்தி, பொதுவாக இரண்டாண்டுப் பதவிக்காலம் என்று வைத்தது. காவல் துறைக்கு 2006ஆம் ஆண்டின் பிரகாஷ் சிங் தீர்ப்பு ஏற்கெனவே இதைச் சொல்லியிருந்தது. ஆகவே ஆட்சியருக்கும் காவல் கண்காணிப்பாளருக்கும் சட்டம் ஒரு கேடயத்தைக் கொடுத்திருக்கிறது. அந்தக் கேடயம் துருப்பிடித்துக் கிடப்பதற்கு அரசியல்வாதிகள் மட்டும் காரணமல்ல. நல்ல பதவிக்காகக் கட்சிக்காரர் வீட்டு வாசலில் நின்ற அதிகாரி, அதே கட்சிக்காரரிடம் ‘எழுத்தில் கொடுங்கள்’ என்று கேட்க முடியாது. பணி விஷயத்தில் அரசியல் சிபாரிசு தேடுவதையும் நடத்தை விதிகள் தடுக்கின்றன என்பதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். ‘அரசியல் அழுத்தம்’ என்பதைச் சொந்த லாபத்துக்கு மறைப்பாக வைத்துக்கொண்டவர்களும் உண்டு. அழுத்தம் உண்மையா, கூட்டா என்பதைப் பிரித்துக் காட்டுவதும் அந்த எழுத்துதான்.

களத்தில் நிற்கும் அதிகாரி யாரையும் கேட்காமல் சட்டப்படி முடிவெடுக்க முடியும் என்பதற்கும் புதுக்கோட்டை மாவட்டமே சாட்சி. 2022 டிசம்பரில் வேங்கைவயலில் பட்டியலின மக்களின் குடிநீர்த் தொட்டியில் மலம் கலந்த கொடுமை வெளியே வந்தது. விசாரிக்கச் சென்ற ஆட்சியர் கவிதா ராமு, காவல் கண்காணிப்பாளர் வந்திதா பாண்டே இருவரும், அருகிலுள்ள இறையூர் தேநீர்க் கடையில் இரட்டைக் குவளை இருப்பதையும், அய்யனார் கோயிலுக்குள் அந்த மக்களை விடுவதில்லை என்பதையும் அறிந்தார்கள். அன்றே மக்களைக் கோயிலுக்குள் அழைத்துச் சென்றார்கள். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் வழக்குப் பதிவானது. தொட்டி வழக்கு அதன் பிறகு நடந்த விதத்தில் எனக்குப் பெரும் மனக்குறை உண்டு. அதைத் தனியாகத்தான் எழுத வேண்டும். ஆனால் அந்த ஒரு நாளில், ஓட்டுக் கணக்குப் பார்க்கும் எவரையும் கேட்டுக்கொண்டு நிற்காமல் இரண்டு அதிகாரிகள் தங்கள் பதவிக்குரிய வேலையைச் செய்தார்கள்.

மேலே இருப்பவர்களுக்குக் கேடயம் இருக்கிறது. கீழே? தூத்துக்குடி மாவட்டம் முறப்பநாட்டில் கிராம நிர்வாக அலுவலர் லூர்து பிரான்சிஸ் மணல் திருட்டைப் பற்றிப் புகார் கொடுத்தார். 2023 ஏப்ரல் 25 அன்று அவரை அவருடைய அலுவலகத்திலேயே வெட்டிக் கொன்றார்கள். சில மாதங்களிலேயே குற்றவாளிகள் இருவருக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது என்பது ஆறுதல். ஆனால் 300 மீட்டரை அளக்கப் போகும் ஒவ்வொரு கிராம நிர்வாக அலுவலரின் வீட்டிலும் அன்று என்ன பேசியிருப்பார்கள் என்று நினைத்துப் பார்க்கிறேன். இரண்டாண்டுப் பதவிக்காலமோ குடிமைப் பணி வாரியமோ இவர்களுக்குப் பொருந்தாது. இவர்கள் அளப்பதைத் தனியாளாக அளக்கவிடாமல், நில அளவை, கனிமவளம், வருவாய் மூன்று துறையும் ஒன்றாகச் சென்று அளந்து, அன்றைக்கே வரைபடத்தோடு பதிவேற்றுவதுதான் இவர்களுக்குப் பாதுகாப்பு. அளவு பொதுவில் வந்துவிட்டால் அளந்தவரை மிரட்டி ஒரு பயனும் இல்லை.

புகார் கொடுக்கிறவருக்கோ அதுவும் இல்லை. முறைகேட்டை அம்பலப்படுத்துவோரின் பெயரைக் காப்பதற்கென்று நாடாளுமன்றம் ஒரு சட்டம் நிறைவேற்றி, 2014 மே மாதம் குடியரசுத் தலைவர் ஒப்புதலும் கொடுத்தார். அந்தச் சட்டம் இன்னும் நடைமுறைக்கு வரவில்லை. மத்தியில் ஆள்பவர்கள் இதற்குப் பதில் சொல்ல வேண்டும். ஆனால் ஒரு மாவட்ட ஆட்சியர், குவாரிப் புகார்களில் மனுதாரர் பெயரை மறைத்துத்தான் கீழே அனுப்ப வேண்டும் என்று ஒரு சுற்றறிக்கை விட டெல்லியைக் கேட்க வேண்டியதில்லை. இன்றைக்கே விடலாம்.

இன்னும் சிலவற்றையும் இன்றைக்கே செய்யலாம். மாவட்டத்தில் குத்தகையில் உள்ள ஒவ்வொரு குவாரிக்கும் அனுமதித்த அளவு, கட்டிய உரிமைத்தொகை, கடைசியாகக் குழியை அளந்த தேதி, அளந்தவரின் பதவி ஆகியவற்றை மாவட்ட இணையதளத்திலும் அந்தந்த ஊராட்சி அலுவலகச் சுவரிலும் தமிழில் போடலாம். குவாரி குறித்து எம்எல்ஏ, எம்பி, அமைச்சர் அலுவலகம், கட்சி நிர்வாகி யார் பேசினாலும் அதைக் கோப்பில் ஒரு பக்கமாகச் சேர்க்க வேண்டும் என்று ஆட்சியர் தம் அலுவலகத்துக்கு உத்தரவிடலாம். நியாயமான கோரிக்கையோடு பேசுகிற எம்எல்ஏ, தம் பெயர் கோப்பில் இருப்பதற்கு வருத்தப்பட மாட்டார், பெருமைப்படுவார். நிர்வாக முடிவுகளால் பாதிக்கப்படுவோருக்குக் காரணம் சொல்ல வேண்டும் என்று தகவல் உரிமைச் சட்டத்தின் 4ஆம் பிரிவு, கேட்காமலேயே கொடுக்க வேண்டியவற்றின் பட்டியலில் சொல்கிறது.

இதைப் படிக்கும் அலுவலர் யாராவது இருந்தால், அவரிடம் ஒரு வேண்டுகோள்: அடுத்த முறை ‘மாவட்டம் சொல்லச் சொன்னார்’ என்று போன் வந்தால், தேதியும் நேரமும் போட்டு எழுதி வையுங்கள். மற்ற வாசகர்களிடமும் ஒன்று கேட்கிறேன். திங்கட்கிழமைதோறும் ஆட்சியர் அலுவலகத்தில் மக்கள் குறைதீர்க்கும் நாள் நடக்கிறது. உங்கள் ஊரில் குவாரி இருந்தால் தனியாகப் போகாதீர்கள். பத்துப் பேர் கையெழுத்தோடு போய், குழியைக் கடைசியாக அளந்தது எப்போது என்ற ஒரே கேள்வியை எழுத்தில் கொடுத்து, ஒப்புகைச் சீட்டையும் பதிலையும் எழுத்திலேயே கேட்டு வாங்குங்கள்.